கற்பனைக்கும் விதி உண்டு: பளிக்கறை சொல்லும் பாடம்

சென்ற தவணையில் படிவம் ஐந்து மாணவர்களுக்குக் ‘காலத்தை ஆளும் பளிங்கு மாளிகை’ என்ற தலைப்பில் கற்பனைக் கட்டுரை எழுதக் கொடுத்தேன். பெர்மாஸ் ஜெயாவில் வளரும் பிள்ளைகள். ஜொகூர் பாருவில் இருக்கும் ராஜகாளியம்மன் கண்ணாடிக் கோயிலைப் பார்க்காதவர்கள் குறைவு. சுமார் 300,000 கண்ணாடித் துண்டுகள் பதித்த கோயில் அது. அதனால் எல்லாருடைய தாளிலும் மாளிகை வெளியே நன்றாகவே பளபளத்தது. உள்ளே போனால்தான் ஒன்றுமில்லை. மாளிகை நினைத்தபோது நேரத்தை நிறுத்தியது, பறந்தது, பேசியது. கடைசிப் பத்தியில் அம்மா வந்து எழுப்பினார், கண்டதெல்லாம் கனவு!

“கற்பனைதானே டீச்சர், எப்படி வேணும்னாலும் எழுதலாம்தானே?” என்று ஒரு மாணவி கேட்டாள். நியாயமான கேள்விதான். பதிலுக்கு மறுநாள் மணிமேகலையை எடுத்துக்கொண்டு வகுப்புக்குப் போனேன்.

சாத்தனார் கட்டிய மண்டபம்

கோவலன் கொலையுண்ட துயரக் கதையைக் கேட்டு, பூத்தொடுத்துக்கொண்டிருந்த மணிமேகலை கண்ணீர் விடுகிறாள். கண்ணீர் பட்ட மாலை வழிபாட்டுக்கு ஆகாது. ஆகவே, புதிய மலர் பறித்து வரும்படி மாதவி சொல்ல, தோழி சுதமதியுடன் புகார் நகரின் உவவனத்துக்குப் போகிறாள். அந்தச் சோலையில்தான் பளிக்கறை மண்டபம் இருக்கிறது. அவளைத் தேடி இளவரசன் உதயகுமரன் தேரில் வருகிறான். சுதமதி அவளைப் பளிக்கறைக்குள் ஒளித்து வைக்கிறாள்.

இந்த மண்டபத்தைச் சீத்தலைச் சாத்தனார் எப்படி அமைத்திருக்கிறார் என்று கவனியுங்கள். மூன்று விதிகள் உள்ளன.

முதல் விதி: உள்ளே இருப்பவரின் உருவம் வெளியே தெரியும், குரல் வெளியே வராது. இந்த ஒரு விதியால்தான் அடுத்த காட்சியே நடக்கிறது. உதயகுமரன் அவளைப் பார்க்கிறான், முதலில் ஓவியமோ என்று மயங்குகிறான், பிறகு தெளிந்து சுவரைத் தடவுகிறான். வாயில் அகப்படவில்லை.

இரண்டாம் விதி: உள்ளே ஒரு தாமரைப் பீடிகை. அதில் இட்ட அரும்பு மலரும். மலர்ந்த பூ எத்தனை ஆண்டு போனாலும் வாடாது, வண்டும் மொய்க்காது. ஆக, நேரத்தை நிறுத்தும் பளிங்கு மாளிகை நம் காப்பியத்திலேயே இருக்கிறது!

மூன்றாம் விதி: ஒரு தெய்வத்தை மனத்தில் நினைத்து இட்ட மலர் அத்தெய்வத்தின் அடியைச் சேரும். நினைப்பின்றி இட்ட மலர் அங்கேயே கிடக்கும். எண்ணம் இல்லாத செயலுக்குப் பலன் உண்டா என்ற வாதத்துக்கு விடை காட்டவே மயன் இதைச் செய்து வைத்தான் என்கிறது காப்பியம்.

முதல் விதி கதையை நகர்த்துகிறது. மூன்றாம் விதி கருத்தைச் சொல்கிறது. இரண்டாம் விதியில் எனக்குப் பிடித்தது வண்டுதான். வாடாத பூ என்றதோடு சாத்தனார் நிற்கவில்லை. அந்தப் பூவைத் தேடி வண்டு வராது என்றும் சேர்த்துச் சொல்கிறார். நேரம் நின்றால் ஒன்று கிடைக்கும், ஒன்று போகும் என்று நான் இதை வாசிக்கிறேன்.

சொல்லும் கல்லும்

பளிங்கு + அறை = பளிக்கறை. மென்றொடர்க் குற்றியலுகரம் வேற்றுமைப் புணர்ச்சியில் வன்றொடராக மாறியிருக்கிறது. இரும்பு + பாதை = இருப்புப்பாதை என்பதும் இதே வகைதான். இன்று பளிங்கு என்றால் தரையில் பதிக்கும் சலவைக்கல் நினைவுக்கு வரும். காப்பியத்தில் அது ஒளி ஊடுருவும் ஸ்படிகம்.

இந்த ஸ்படிகம்தான் குவார்ட்ஸ். அதை அழுத்தினால் மின்னூட்டம் தோன்றும் என்று 1880-இல் கியூரி சகோதரர்கள் கண்டறிந்தார்கள். மின்சாரம் கொடுத்தால் அது அதிரும். இன்றைய கைக்கடிகாரத்துக்குள் இருக்கும் சிறு ஸ்படிகம் பெரும்பாலும் வினாடிக்கு 32,768 முறை அதிர்கிறது. அதைப் பதினைந்து முறை பாதியாக்கினால் வினாடிக்கு ஒரு துடிப்பு. சூடு கூடினாலும் குளிர் கூடினாலும் கொஞ்சம் மெதுவாகும். உயிருள்ள பளிங்கு மாளிகையைக் கற்பனை செய்யும் மாணவருக்கு இதைவிட நல்ல சரக்கு வேண்டுமா? அதன் நாடித்துடிப்பே கையில் இருக்கிறது.

நான் தவறவிட்ட கட்டுரை

அந்தக் கட்டுரைகளில் ஒன்றுக்கு, ‘தலைப்பை விட்டு விலகியுள்ளது’ என்று சிவப்பு மையில் எழுதிக் குறைந்த புள்ளி போட்டிருந்தேன். எழுதிய மாணவனின் அப்பா சிங்கப்பூரில் வேலை செய்பவர். விடியற்காலை நாலரைக்கெல்லாம் மோட்டார் சைக்கிளை எடுத்துவிடுவார். மகனின் மாளிகையில் நாலு மணி அடிக்கவே அடிக்காது. அவ்வளவுதான் விதி.

பளிக்கறைப் பாடத்துக்குப் பிறகு தாளைத் திரும்ப வாங்கிப் படித்தேன். நாலு மணி வராததால் அப்பா நன்றாகத் தூங்குகிறார். ஆனால் விடியவும் இல்லை. அப்பா கண் திறந்து இவனிடம் ஒரு வார்த்தை பேசவும் இல்லை. கடைசியில் அவனே போய்க் கடிகாரத்தை ஓட விடுகிறான்.

வண்டு வராத பூவை அந்தப் பையன் தானாகவே கண்டுபிடித்திருக்கிறான், எனக்குத்தான் தெரியவில்லை. புள்ளியைத் திருத்தினேன். “தப்பு என்னோடதுப்பா” என்றும் சொன்னேன். சிரித்துக்கொண்டே தாளை வாங்கிப் பைக்குள் வைத்தான்.

எழுதும் முன் நான்கு கேள்விகள்

மாணவர்களே, கற்பனைத் தலைப்பு வந்தால் பேனாவை எடுக்கும் முன் இவற்றுக்குப் பதில் எழுதிப் பாருங்கள்:

1. என் அதிசயப் பொருளால் என்ன முடியும்? (ஒரே வாக்கியத்தில்)
2. அதனால் என்ன முடியாது?
3. அதைப் பயன்படுத்தினால் எதை இழக்க வேண்டும்?
4. அது யாருக்கு வேண்டும்? ஏன்?

ஆசிரியர்களே, முதல் கேள்விக்கு எல்லாருமே பதில் எழுதிவிடுவார்கள். மூன்றாவதில் பலர் தயங்குவார்கள். அங்கே அவசரப்படுத்தாமல் ஐந்து நிமிடம் விட்டுக் கொடுங்கள். அந்தப் பதில் கிடைத்துவிட்டால், அம்மா வந்து எழுப்பும் கடைசிப் பத்தி தேவைப்படாது.