மாடி இருக்கு... படி எங்கே?

கமுதி பஸ் ஸ்டாண்ட் டீக்கடை. விடிந்தும் விடியாத நேரம். மதுரை பஸ்ஸுக்காக நிற்கிறார் ஓர் இளைஞர். கையில் பிளாஸ்டிக் ஃபைல்.

‘‘என்ன தம்பி, இன்டர்வியூவா?’’

‘‘இல்லண்ணே... கோர்ட்டுக்கு!’’

சிரிக்காதீர்கள். மிளகாயும் பருத்தியும் போட்டுவிட்டு வானத்தையே பார்த்துக்கொண்டிருக்கும் பூமி இது. இங்கே கவர்மென்ட் வேலை என்பது குலதெய்வம் கொடுத்த வரம் மாதிரி. பரீட்சை எழுதி, பாஸாகி, தெருவுக்கே மிட்டாய் கொடுத்த பிறகு, ‘உங்கள் படிப்பு செல்லாது’ என்று ஒரு கடிதம் வந்தால்..?

2004-ல் ஹைகோர்ட்டின் மதுரைக் கிளை வந்த பிறகு, கேஸ் போட சென்னைக்கு ஓட வேண்டியதில்லை. ஆனால், பக்கத்தில் வந்தது கோர்ட்தான். தீர்ப்பு அல்ல!

பிரபலமான கேஸ் ஒன்று உண்டு. சென்னை தரமணியில் இருக்கும் அரசு ஃபிலிம் இன்ஸ்டிட்யூட்டின் முதல்வர் பதவி பற்றியது. பதவிக்கு வந்தவர், அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் திறந்தவெளிப் படிப்பில் எம்.ஏ. வாங்கியவர். பி.ஏ.? அது கிடையாது! திருட்டு சர்டிபிகேட் இல்லை சார், பல்கலைக்கழகமே பரீட்சை வைத்துக் கொடுத்த பட்டம். விவகாரம் சுப்ரீம் கோர்ட் வரை போனது. முதல் பட்டம் இல்லாத எம்.ஏ., யு.ஜி.சி. விதிகளுக்கு விரோதம், அதை வைத்துப் பதவி கேட்க முடியாது என்று 2009-ல் தீர்ப்பு வந்தது. படியே இல்லாமல் மாடி எப்படி?

அதே வருடம் ஆகஸ்ட்டில் தமிழக அரசு 107-ம் எண் அரசாணை போட்டது. பத்தாவது, ப்ளஸ் டூ முடித்துவிட்டு வாங்கிய திறந்தவெளிப் பட்டம்தான் அரசு வேலைக்கும் பிரமோஷனுக்கும் செல்லும். பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டுவிட்டு, வயசுக்கு வந்ததும் நேரே டிகிரியில் சேர்ந்தவர்கள் ஆடிப்போனார்கள்.

‘நான் படிச்சதும் அதுவும் ஒண்ணுதானே?’ என்று வாதாடலாமா? எந்தப் படிப்பு எதற்குச் சமம் என்பதை முடிவு செய்ய வேண்டியது வேலை கொடுப்பவர்தான், கோர்ட் அல்ல என்று 2018-ல் சொல்லிவிட்டது சுப்ரீம் கோர்ட்.

‘சரி, கூடவே படிச்சுட்டா வம்பு இல்லையே?’ அங்கேதான் தமாஷ்! பஞ்சாப் நேஷனல் பேங்க், ப்யூன் வேலைக்கு ப்ளஸ் டூ போதும், டிகிரி இருக்கக் கூடாது என்று விளம்பரம் கொடுத்தது. ஒடிசாவில் ஒருவர் தன் டிகிரியை மறைத்து விண்ணப்பித்து மாட்டிக்கொண்டார். பேங்க் அவரைச் சேர்க்க மறுத்தது சரியே என்று 2020-ல் தீர்ப்பு.

ஆகவே தம்பிகளே, ஃபீஸ் கட்டும் முன் மூன்றே கேள்வி. அந்த கோர்ஸுக்கு, நீங்கள் சேரும் வருடத்துக்கு, யு.ஜி.சி. அனுமதி இருக்கிறதா? பத்தாவது, ப்ளஸ் டூ, டிகிரி என்று வரிசை சரியா? பட்டத்தின் பெயர் வேறு மாதிரி இருந்தால், அது ‘இணையானது’ என்று அரசாணை உண்டா? அதுவும் வேலை அறிவிப்பு வருவதற்கு முந்தைய தேதியில்! டி.என்.பி.எஸ்.சி. அதைத்தான் கேட்கும்.

இதில் ஒரு நியாயம்தான் புரியவில்லை. ஃபீஸ் வாங்கியவர்கள் கட்டடத்துக்குள் பத்திரமாக இருக்கிறார்கள். வயசைத் தொலைத்தவர் பஸ் ஸ்டாண்டில் நிற்கிறார்.

மதுரை பஸ் வந்துவிட்டது. இளைஞர் சில்லறையைத் துழாவுகிறார்.

‘‘காசு இருக்கட்டும் தம்பி. ஜெயிச்சுட்டு வந்து குடு!’’