கர்லாக்கட்டைப் போத்தல்

அப்பாவுக்கு நீரிழிவு என்று தெரிந்ததும் வீட்டிலிருந்து காற்றடைத்த இனிப்பு பானங்கள் வெளியேறின. ஆனால், சாப்பிட்டபின் தொண்டையில் ‘சுர்’ரென்று ஏதாவது இறங்காவிட்டால் அவருக்கு விருந்து முடிந்ததாகவே இருக்காது. எலுமிச்சை வாசனையுள்ள ‘பெரியே’ வாங்கி வைத்தேன். சர்க்கரையும் இல்லை, இனிப்பூட்டியும் இல்லை. சிங்கப்பூரில் ‘டி’ தரம் என்றால் 100 மில்லிலிட்டரில் சர்க்கரை 10 கிராமுக்கு மேல். 330 மில்லிலிட்டர் டின் ஒன்றில் 33 கிராமைத் தாண்டிவிடும்.

ஒரு மிடறு குடித்தவர், “சீனி போட மறந்துட்டானா?” என்றார்.

போத்தலின் கதையைச் சொன்னேன். பிரான்சின் வெர்ஜேஸ் ஊற்றை மருத்துவர் லூயி பெரியேவிடமிருந்து வாங்கிய ஆங்கிலேயர் சென்ட் ஜான் ஹார்ம்ஸ்வொர்த், கார் விபத்தில் கால்கள் செயலிழந்தவர். உடற்பயிற்சிக்கு அவர் சுழற்றிய இந்தியக் கட்டையின் வடிவத்தையே போத்தலுக்குத் தந்தாராம்.

“அட, நம்ம கர்லாக்கட்டை!” இளவயதில் அதைச் சுழற்றியவர் அப்பா. போத்தலைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு மிச்சத்தையும் குடித்தார்.

இப்போது வாரம் இரண்டு போத்தல். விலைதான் கையைக் கடிக்கிறது. மற்ற நாள்களில் வெறும் சோடாவில் எலுமிச்சை பிழிந்துகொள்கிறார். நான் பார்க்காதபோது உப்பும் போடுகிறார்.