பனையும் ஆனைக்கற்றாழையும்

மெக்சிகோவில் ஆனைக்கற்றாழைத் தோட்டங்களைச் சுற்றிப் பார்க்கப் போகிறவர்களுக்கு, அதன் சாறு புளித்த 'புல்கே' என்ற பானத்தைச் சுவைக்கத் தருகிறார்கள். அந்தச் சாற்றைப் புளிக்கவைக்கும் நுண்ணுயிர்களில் ஒன்றான 'சைமோமோனாஸ்' நம் பனங்கள்ளிலும் உண்டு! தமிழ்நாட்டில் 1987 முதல் கள் இறக்கத் தடை. புதுச்சேரி ஆட்சிக்குட்பட்ட நம் காரைக்காலில் உரிமம் பெற்ற கள்ளுக்கடைகள் உண்டு.

பதநீரோ குழந்தைகளும் குடிக்கலாம். கலயத்தின் உட்புறம் சுண்ணாம்பு தடவிக் கட்டினால் சாறு புளிக்காது, இனிப்பு அப்படியே நிற்கும். காலையில் இறக்கியதை வெயில் ஏறுமுன் குடித்துவிட வேண்டும். நுங்கு சேர்த்தால் இன்னும் அருமை. இந்தக் கோடையில் பனையேறும் அண்ணனிடமே நேரில் கேட்டு வாங்குங்கள். பனையோலைப் பட்டையில் ஊற்றித் தருவார்.