மார்க்கண்டேயன் படமும் அதன் ஊழும்

பதினாறு ஆண்டே வாழ்நாள் என விதிக்கப்பெற்ற மார்க்கண்டேயன், சிவலிங்கத்தைத் தழுவிக் கூற்றுவனை வென்ற கதையைத் தமிழர் யாவரும் அறிவர். சலனப்படங்கள் பேசாதிருந்த காலத்தில் அக்கதையைத் திரையில் காட்டியவர் நடராச முதலியார். வேலூரிற் பிறந்த அவர், மோட்டார் உதிரி உறுப்புகளை விற்று வந்தவர். 'கீசகவதம்' எடுத்துத் தென்னாட்டுச் சலனப்படத்திற்குக் கால்கோள் செய்தவரும் அவரே. அவரது படநிலையம் சென்னைப் புரசைவாக்கத்தில் இருந்தது.

அந்நாளைய படச்சுருள் பருத்தியிலிருந்து பிறந்தது. பருத்தியை நைட்ரிக அமிலமும் கந்தக அமிலமும் சேர்ந்த கலவையில் தோய்த்து, கற்பூரம் கூட்டிச் செல்லுலாய்டு ஆக்கினர். விருதுநகர்ச் சந்தையில் பொதி பொதியாக விலைபோன எளிய பஞ்சு, அமிலம் பட்டதும் வெடிமருந்துக்கு உறவாகிவிடுகிறது! சிவகாசியில் வேட்டுத் தொழில் புரிவோர்க்கு இது எளிதில் விளங்கும். வெடிமருந்து எரிவதற்கு வேண்டும் பிராணவாயுவை அதிலுள்ள வெடியுப்பே தருகிறது. படச்சுருளும் அவ்வாறே பிராணவாயுவைத் தன்னகத்தே கொண்டுள்ளது. ஆதலின் பற்றிய சுருளை நீரில் அமிழ்த்தினும் தீ அணைவதில்லை. தீயினின்று காத்து வைப்பினும், நாட்பட நாட்பட நிறம் மாறிப் பிசுபிசுத்து, முடிவில் பழுப்புத் தூளாக உதிர்ந்துவிடும்.

1923இல் முதலியாரின் படநிலையம் தீக்கிரையாயிற்று. அவர்தம் மைந்தனும் அத்தீயில் மாண்டான். கூற்றுவனிடமிருந்து மீண்ட மகனைப் படமாக்கிய தந்தைக்கு நேர்ந்தது இது! அதன்பின் அவர் படத்தொழிலை விட்டு விலகினார். எளிதில் தீப்பற்றாத சுருள் 1950களிலேதான் திரைத்தொழிலில் நிலைபெற்றது. மார்க்கண்டேயன் படத்தின் ஒரு சுருளேனும் இன்று கிடைத்திலது.