பெருக்க மரம்: வறண்ட மண்ணின் நீர்க்குடம்

மன்னார் பள்ளிமுனைப் பக்கம் சென்றுவந்த எவரும் அங்குள்ள பெருக்க மரத்தை மறந்திருக்க மாட்டார்கள். அடிமரத்தின் சுற்றளவு ஏறக்குறைய 19.5 மீற்றர், உயரமோ 7.5 மீற்றர் அளவே. அராபிய வணிகர் கொண்டுவந்து நட்டதென்றும், வயது ஐந்நூறுக்கு மேலென்றும் ஊரவர் கூறுவர். நெடுந்தீவிலும் இம்மரம் உண்டு. எம்முடையதென்றே நாம் எண்ணியிருந்த இம்மரத்தின் தாயகம் ஆபிரிக்கா ஆகும்.

1749 முதல் 1753 வரை செனகலில் தங்கி ஆராய்ந்த பிரெஞ்சு இயற்கையியலாளர் மிஷேல் அடன்சனின் பெயரால் இது அடன்சோனியா எனப்படுகிறது. இதன் எட்டு இனங்களில் ஆறு மடகஸ்காருக்கும், ஒன்று வட அவுஸ்திரேலியாவுக்கும் உரியவை. எஞ்சிய ஒன்றே ஆபிரிக்கப் பெருநிலத்தில் வளர்வது. மன்னாரில் நிற்பதும் அதுவே.

மென்மையான அடிமரம் மழைநீரை உறிஞ்சிச் சேமிக்கிறது. வறட்சியில் இலைகளை உதிர்த்து நீரிழப்பைக் குறைக்கிறது. மாலையில் விரியும் வெண்பூக்களைத் தேடிவரும் பழந்தின்னி வௌவால்கள் மகரந்தத்தைக் காவிச் செல்கின்றன. பட்டையை உரித்தெடுத்தாலும் மரம் பட்டுப்போவதில்லை, புதுப்பட்டை வளர்கிறது.

இதன் இலை கறியாகிறது, பட்டை கயிறாகிறது, புளிப்பான பழம் பானமாகிறது. சூடானின் கொர்டோபான் மக்கள் அடிமரத்தைக் குடைந்து, மழைநீரை நிரப்பி, கோடையில் பருகினர். செனகலில் செரேர் மக்கள், குலவரலாறு பாடும் பாணர்களை இதன் பொந்துகளில் அடக்கம் செய்தனர். அந்நாட்டின் அரச இலச்சினையிலும் இம்மரமே நிற்கிறது.

ஆயினும் முதுமரங்கள் சாய்ந்து வருகின்றன. ஆபிரிக்காவின் மிகப் பழைய 13 மரங்களில் 9 மரங்கள், பன்னிரண்டு ஆண்டுகளுக்குள் முற்றாகவோ பகுதியாகவோ அழிந்தன என 2018 இல் வெளியான ஆய்வு அறிவித்தது. சிம்பாப்வேயில் சுமார் 2,450 ஆண்டுகள் நின்ற மரமும் அவற்றுள் அடங்கும். காலநிலை மாற்றமே காரணமாகலாம் என ஆய்வாளர் கருதுகின்றனர். இளங்கன்றுகளையோ கால்நடைகள் மேய்ந்துவிடுகின்றன. முதியவை வீழ, இளையவை எழாதுபோனால் மரபு அறுந்துவிடும்.

வேற்று நிலத்திலிருந்து வந்த விதையொன்று எமது வறண்ட மண்ணில் வேரூன்றி, எமது மொழியில் பெயரும் பெற்றது. இன்று வேற்று நிலத்தில் வாழும் நாம், இங்குள்ள ஆபிரிக்கர் கடைகளில் இதன் பழத்தையோ மாவையோ காணும்போது, எமது பிள்ளைகளுக்கு அந்தப் பெயரைச் சொல்லிக் கொடுப்போம். ஊருக்குச் செல்வோர் ஒரு கன்றுக்கேனும் வேலியிட்டு வருவார்களாயின், அதன் நிழலில் எமது பேரப்பிள்ளைகளின் பிள்ளைகளும் இளைப்பாறுவர்.