குற்றப் பழங்குடிக் குடியிருப்புகள் (சென்னை மாகாணம்)

குற்றப் பழங்குடிக் குடியிருப்புகள் என்பவை பிரித்தானிய ஆட்சியில், குற்றப் பழங்குடிகள் சட்டத்தின் கீழ், சில சமூகங்களை அவர்தம் வாழிடங்களிலிருந்து கட்டாயமாக அகற்றிக் குடியமர்த்திய இடங்கள் ஆகும். இங்குத் தண்டனைக்கு அடிப்படையாக அமைந்தது தனிமனிதரின் குற்றமன்று. அவர் பிறந்த சமூகமே.

சட்டம்

1871இல் வட இந்தியாவில் நடைமுறைக்கு வந்த இச்சட்டம், 1911இல் திருத்தப்பட்டுச் சென்னை மாகாணத்துக்கும் விரிவாக்கப்பட்டது. ஒரு சமூகம் முழுவதையுமே குற்றப் பழங்குடியாக அறிவிக்க அரசுக்கு அதிகாரம் இருந்தது. அந்த அறிவிப்பை எதிர்த்து நீதிமன்றம் செல்ல இயலாது. அறிவிக்கப்பட்டோரின் பெயரும் கைரேகையும் பதியப்பட்டன. அவர்களைக் குடியிருப்புகளில் வைக்கவும், 6 முதல் 18 வயது வரையிலான பிள்ளைகளைப் பெற்றோரிடமிருந்து பிரித்துத் தொழிற்பள்ளிகளில் சேர்க்கவும் சட்டம் இடமளித்தது.

பின்னணி

குறவர் சமூகத்தின் சில பிரிவினர் மாடுகளிலும் கழுதைகளிலும் உப்பு, தானியம் ஏற்றி ஊர் ஊராக வணிகம் செய்துவந்தனர். 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தொடர்வண்டிப் பாதைகளும் அரசின் உப்புக் கொள்கையும் இவ்வணிகத்தை நலிவடையச் செய்தன. பிழைப்பை இழந்து அலைந்தவர்களின் அலைச்சலே பின்னர் ஐயத்துக்குரியதாகக் கருதப்பட்டது.

குடியிருப்புகள்

இன்றைய ஆந்திரப் பிரதேசத்திலுள்ள ஸ்டூவர்ட்புரம் இவற்றுள் பெயர்பெற்றது. இதனை இரட்சணிய சேனை என்னும் கிறித்தவ அமைப்பு நடத்தியது. அங்கு வைக்கப்பட்டோர் பலர் அருகிலுள்ள சீராலாவின் புகையிலை ஆலையில் தொழிலாளராயினர். தமிழ்ப் பகுதியில் தென்னாற்காடு மாவட்டத்தின் அசீசு நகர் குறிப்பிடத்தக்கது.

ஒப்பீடு

1953இலும் 1955இலும் கனடிய அரசு, கியூபெக்கின் வடபகுதியிலிருந்து இனுவிட்டு மக்களை ஏறத்தாழ 2000 கிலோமீட்டர் வடக்கே, ரெசலூட், கிரைசு பியோர்டு ஆகிய இடங்களுக்கு இடம்பெயர்த்தது. விரும்பினால் திரும்பலாம் என்ற உறுதிமொழி காக்கப்படவில்லை. 2010இல் கனடிய அரசு இதற்கு மன்னிப்புக் கோரியது.

நீக்கமும் பின்விளைவும்

சென்னை மாகாணத்தில் 1947இலும், இந்தியா முழுவதும் 1952இலும் இச்சட்டம் நீக்கப்பட்டது. எனினும் சென்னை மாகாணத்தில் 1948இல் வழக்கமான குற்றவாளிகள் மீதான கட்டுப்பாட்டுச் சட்டம் இயற்றப்பட்டது. முன்னர் அறிவிக்கப்பட்டிருந்த சமூகங்கள் 'சீர்மரபினர்' எனப்படுகின்றன. பழைய திருச்சிராப்பள்ளி மாவட்டத்தில் அடங்கியிருந்த பெரம்பலூர், அரியலூர் பகுதிக்கும் இவ்வரலாற்றில் பங்குண்டு. தமிழ்நாடு அரசின் சீர்மரபினர் பட்டியலில் ஊராளிக் கவுண்டர் முதலிய சமூகங்கள் பெரம்பலூர் மாவட்டத்தின் பெயரோடு இடம்பெற்றுள்ளன. சீர்மரபினரைப் பிறவிக் குற்றவாளிகளாக நடத்தும் சிறை விதிகளை உச்ச நீதிமன்றம் 2024 அக்டோபரில் அரசியலமைப்புக்கு முரணானவை என அறிவித்தது.