கல் வீடும் புகைக் கல்லும்

கடல் கடந்த தேசங்களின் விசேஷங்களைக் கேட்பதென்றால் நமக்கு அலுப்பே தட்டுவதில்லை. மெக்சிகோ தேசத்து யுகடான் பிரதேசத்தில் நடத்துகிறார்களே, அந்த ஒருநாள் சுற்றுலாவும் அத்தகைய விசேஷங்களில் ஒன்று. காலையில் சிச்சென் இட்சா என்னும் மாயர்களின் பாழடைந்த நகரத்தைக் காட்டுகிறார்கள். பிற்பகலில் ‘செனோட்டே’ என்னும் இயற்கைக் கிணற்றில் நீந்த விடுகிறார்கள். அது சுண்ணாம்புக் கல் பூமி. மழைநீர் கல்லைக் கரைத்துக் கரைத்து நிலத்தடியில் குகைகளைக் குடைந்துவிடுகிறது. குகையின் கூரை இடிந்து விழுந்த இடத்தில் ஆகாயம் தெரியும் கிணறு ஒன்று உண்டாகிறது. ‘இட்சா மக்களின் கிணற்று வாய்’ என்பதே அந்த நகரத்தின் பெயருக்குப் பொருளாம்.

பழைய சின்னமும் புது நீராட்டமும் ஒரே நாளில்! கேட்கவே ஆசையாகத்தான் இருக்கிறது. ஆனால் ஓசூரிலும் கிருஷ்ணகிரியிலும் குடியிருக்கும் நேயர்கள் இதற்காக ஆகாய விமானம் ஏற வேண்டியதில்லை. விடியற்காலையில் கட்டுச்சோற்று மூட்டையுடன் புறப்பட்டால், இரவு வீடு திரும்புவதற்குள் இரண்டையும் அனுபவித்து வரலாம்.

இன்றைய ஓசூர் இயந்திரங்களின் ஊர். மோட்டார் சைக்கிளும் லாரியும் கைக்கடிகாரமும் அங்கே உற்பத்தியாகின்றன. தமிழ், கன்னடம், தெலுங்கு, உருது ஆகிய நான்கு பாஷைகளையும் ஒரே கடைத்தெருவில் கேட்கலாம். விடுமுறை நாளில் குடும்பத்தோடு கிளம்புகிறவர்களில் பலர் பெங்களூர்ப் பக்கமே வண்டியைத் திருப்புகிறார்கள். எதிர்த் திசையில் திருப்பினால் என்ன கிடைக்கும் என்பதைச் சொல்லவே இக்கட்டுரை.

பாண்டவர் வீடு

ஓசூரிலிருந்து கிருஷ்ணகிரி செல்லும் நெடுஞ்சாலையில் சூளகிரியைத் தாண்டியபின், கிளைச் சாலையில் விலகிச் சென்றால் மல்லச்சந்திரம் என்னும் சிற்றூர் வருகிறது. ஊரை அடுத்த பாறைக் குன்றின்மேல் ஏறியதும் விசித்திரமான குடியிருப்பு ஒன்று கண்ணில் படுகிறது. பலகை போன்ற நான்கு கருங்கற்களைச் செங்குத்தாக நிறுத்தி, அவற்றின்மேல் ஒரு பெருங்கல்லைக் கூரையாக ஏற்றியிருக்கிறார்கள். சுண்ணாம்பு இல்லை, சாந்து இல்லை. ஒவ்வொரு கல்லும் அடுத்த கல்லில் முட்டி நிற்கும்படி வைத்திருப்பதால், கூரையின் பாரமே சுவர்களை இறுக்கிப் பிடித்துக்கொள்கிறது. கிழக்குப் பக்கத்துக் கல்லில் வட்டமாக ஒரு துவாரம். சுற்றிலும் வட்டமாக நட்ட பலகைக் கற்கள். அவற்றில் சில தலை வளைந்தவை, சில தட்டையானவை. இத்தகைய கல் வீடுகள் ஒன்றல்ல, இரண்டல்ல. குன்றின்மேல் எங்கும் பரவிக் கிடக்கின்றன.

பஞ்ச பாண்டவர்கள் வனவாசத்தின்போது தங்கிய வீடுகள் இவை என்பது நாட்டுப்புறத்தில் பரவலாக வழங்கும் கதை. சரித்திர ஆராய்ச்சியாளர்கள் இவற்றைக் கற்திட்டைகள் என்றும், கிழக்கே உள்ள துவாரத்தை இடுதுளை என்றும் சொல்கிறார்கள். இரும்புக் காலத்து மக்கள் இறந்தோருக்கு எழுப்பிய ஈமச் சின்னங்கள் இவை. 2,000 ஆண்டுகளுக்கும் மேற்பட்டவை. குனிந்து உள்ளே பார்த்தால், சில கற்களில் வெள்ளை நிறத்தால் தீட்டிய உருவங்களும் தென்படும். ஆயுதம் தாங்கிய மனிதர்களும், விலங்கின்மேல் அமர்ந்தவர்களும் அங்கே இருக்கிறார்கள். வெயில் ஏறுவதற்கு முன் போனால்தான் அவை துலக்கமாகத் தெரியும்.

அந்த மக்கள் நாகரிகத்தில் எளியவர்கள் என்று யாரும் எண்ணிவிட வேண்டாம். இதே கிருஷ்ணகிரி ஜில்லாவில், பர்கூர் தாலுகாவைச் சேர்ந்த மயிலாடும்பாறையில் தொல்லியல் துறையார் அகழ்ந்தெடுத்த மாதிரிகளைச் சோதித்ததில், கி.மு. 2172 அளவிலேயே அங்கே இரும்பு வழங்கியது என்று தெரிந்தது. 2022-ம் ஆண்டு மே மாதத்தில் தமிழ்நாட்டுச் சட்டசபையிலேயே இச்செய்தியை அறிவித்தார்கள். இன்று லாரிக்கு இரும்பு அடிக்கும் இந்தச் சீமையில், 4,000 ஆண்டுகளுக்கு முன்பே உலை மூண்டிருந்தது!

கல்லுக்கு வந்த கேடு

இவ்வளவு பெருமை இருந்தும், நம் நாட்டில் கற்திட்டைகள் பட்ட பாடு கொஞ்சமல்ல. புதையல் கிடைக்கும் என்ற பேராசையில் பலர் அவற்றைப் பெயர்த்துப் பார்த்தார்கள். உள்ளே இருப்பது மண் கலமும் இரும்புக் கருவியும் எலும்பும்தான். பொன் எதிர்பார்த்தவர்கள் ஏமாந்து போனார்கள், ஆனால் கூரைக் கல் மறுபடியும் ஏறவில்லை. கிருஷ்ணகிரிச் சீமையின் கருங்கல்லுக்கு வெளிநாடுகளிலும் கிராக்கி உண்டு. கல் உடைப்பவர் கண்ணுக்குக் கற்திட்டையும் கல்தானே? தயாராகப் பிளந்து வைத்த பலகைக் கல்!

சிச்சென் இட்சாவில் வேறொரு விதமான இழப்பு நேர்ந்தது. 1904-ம் ஆண்டு முதல் எட்வர்டு தாம்சன் என்னும் அமெரிக்கர் அங்குள்ள புனிதக் கிணற்றைத் தூர்வாரிப் பொன்னும் பச்சைக் கல்லும் மனித எலும்பும் எடுத்தார். அவற்றில் பல ஹார்வார்டு சர்வகலாசாலையைச் சேர்ந்த பீபாடி பொருட்காட்சிசாலைக்குப் போய்ச் சேர்ந்தன. ஒரு பகுதியை மெக்சிகோ திரும்பப் பெறுவதற்குப் பல ஆண்டுகள் ஆயின. கடல் கடந்து போன பொருளையாவது கேட்டு வாங்கலாம். ஜல்லியாகிச் சாலையில் கலந்த கற்திட்டையை யாரிடம் போய்க் கேட்பது?

போகிற வழியில்

மல்லச்சந்திரத்திலிருந்து தெற்கே போனால் கிருஷ்ணகிரி மலைக்கோட்டை எதிரே நிற்கிறது. 1791-ம் ஆண்டு நவம்பரில் கர்னல் மாக்ஸ்வெல் தலைமையில் கும்பினிப் படை இரவில் இதைத் தாக்கியது. திப்புவின் வீரர்கள் மேலிருந்து உருட்டிவிட்ட பாறைகளுக்கு எதிர் நிற்க மாட்டாமல் திரும்பியது. மறு வருஷம் ஏற்பட்ட ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையால்தான் பாராமகால் முழுவதும் கும்பினியார் கைக்குப் போயிற்று. மலை ஏற அவகாசம் இல்லாவிட்டாலும், அந்தப் பாறையின் செங்குத்தைக் கீழிருந்து பார்த்தாலே சங்கதி விளங்கும். பிறகு தர்மபுரி, பென்னாகரம் வழியாகக் காவேரியை நோக்கி இறங்க வேண்டியதுதான்.

புகை எழும் நீர்

கன்னடத்தில் ‘ஹொகெ’ என்றால் புகை. நீர் விழுந்து தெறிக்கும் திவலைகள் பாறையிலிருந்து எழும் புகைபோல் தோன்றுவதால் ஒகேனக்கல் என்று பெயர் வந்தது. அக்கரை கர்நாடகம், இக்கரை தமிழ்நாடு; இடையே காவேரி பல கிளைகளாகப் பிரிந்து பள்ளத்தில் குதிக்கிறது. சின்னாறும் இங்கே வந்து கலக்கிறது. இங்குள்ள பாறைகளில் ஒரு வகை, பூமியின் ஆழத்திலிருந்து குழம்பாகப் பொங்கி இறுகி 240 கோடி ஆண்டுகள் ஆயின என்று நிலவியலார் கணக்கிட்டிருக்கிறார்கள். பாண்டவர் வீடெல்லாம் இதன் எதிரே நேற்றுப் பிறந்த குழந்தை!

ஸ்நானத்தின் சுகத்தைச் சொல்லவும் வேண்டுமா? முதலில் பாறைமேல் உட்கார வைத்து, உச்சி முதல் உள்ளங்கால் வரை எண்ணெய் தேய்த்து உருவிவிடுகிறார்கள். எலும்பெல்லாம் இளகிய பிறகு அருவியின் கீழே போய் நின்றால், வாரம் முழுவதும் இயந்திரத்தோடு மல்லாடிய உடம்பு புது உடம்பாகிவிடுகிறது. கரை ஏறினால் பொரித்த மீன் வாசனை. பிறகு பரிசல் பிரயாணம். இரு புறமும் பாறைச் சுவர், நடுவே மூங்கில் கூடை போன்ற தோணி, தலைக்குமேல் ஒரு கீற்று வானம்.

யுகடானில் செனோட்டேயில் இறங்குமுன் உடம்பில் பூசிய தைலத்தையெல்லாம் கழுவிவிட்டு வரச் சொல்கிறார்கள். அது ஆறுபோல் விரைந்து ஓடும் நீர் அன்று. சேர்ந்த அழுக்கு எளிதில் போகாது. காவேரி ஓடும் நீர் என்பதால் நமக்கு எண்ணெய் ஸ்நானம் கிடைக்கிறது. ஆனால் ஷாம்பு உறையையும் சோப்புத் தாளையும் ஆற்றில் எறிவதற்கு அது அனுமதிச் சீட்டு ஆகாது. நாம் விட்ட நீரைத்தான் கீழே மேட்டூரில் தேக்கி, அதற்கும் கீழே பல ஜில்லாக்களில் குடிக்கிறார்கள்.

வழி தெரிந்தவர்

ஒகேனக்கல் பாறைகளில் ஓர் அபாயம் மறைந்திருக்கிறது. ஆற்று வேகத்தில் சுழலும் கூழாங்கல், ஒரே இடத்தில் நெடுங்காலம் சுற்றிச் சுற்றிப் பாறையில் குடம்போன்ற குழியைக் கடைந்துவிடும். மேலே முழங்காலளவு நீர்போல் தெரியும். ஓரடி எடுத்து வைத்தால் ஆள் மறையும் மடு. உள்ளே சுழல் இழுத்தால் நீச்சல் தெரிந்தவருக்கும் தப்புவது கடினம். மேலே கர்நாடகத்தில் பெய்த மழையின் வெள்ளமும் இங்கே வெயில் அடிக்கும்போதே வந்து சேரும். எல்லையில் பிலிகுண்டுலுவில் நீரின் அளவைக் கணக்கிடுகிறார்கள். கன அடி ஏறினால் குளிப்பதற்கும் பரிசலுக்கும் தடை போட்டுவிடுவார்கள். ஆகவே புறப்படுமுன் அன்றைய நிலையை விசாரித்துக்கொள்வது அவசியம். ஆடி, ஆவணி மாதங்களில் மிகவும் அவசியம்.

எந்தப் பாறையில் கால் வைக்கலாம், எந்த மடுவை அண்டக் கூடாது என்பதைப் பரிசல்காரர் அறிவார். அவர் பாட்டனும் தகப்பனும் துடுப்புப் பிடித்துக் கற்ற வித்தை அது. தடை போட்ட நாளில் அவருக்குக் கூலி இல்லை. அத்தகைய நாளில் ரூபாய் நோட்டைக் காட்டி, “கொஞ்ச தூரம் மட்டும் போய் வரலாம்” என்று அவரை வற்புறுத்துவது, அவர் உயிரையும் நம் குழந்தைகளின் உயிரையும் சேர்த்துப் பணயம் வைப்பதாகும். மற்ற நாட்களில் கூலியைப் பேரம் பேசிக் குறைக்காமல், மிதவைச் சட்டையை மாட்டிக்கொண்டு, அவர் சொன்ன இடத்தில் உட்கார்வதே நமக்கு அழகு.

மல்லச்சந்திரத்திலும் அப்படியே. குன்றில் ஆடு மேய்க்கும் பெரியவரையோ ஊரில் விவரம் தெரிந்த ஓர் இளைஞரையோ அழைத்துக்கொண்டு போக வேண்டும். ஓவியம் உள்ள கல் எது, பாம்பு அண்டும் புதர் எது என்று அவருக்குத் தெரியும். அதற்கு நியாயமான கூலி கொடுத்தால், அந்தக் கற்களால் ஊருக்கு ஒரு வருமானம் உண்டு என்பது விளங்கும். கல் உடைக்க ஆள் வரும்போது முதலில் குரல் கொடுக்கப் போகிறவர் அவரல்லவா? சர்க்காரின் பலகை குன்றின் அடியில் நிற்கலாம். இரவும் பகலும் குன்றைப் பார்த்துக்கொண்டிருப்பது ஊர்தான்.

திரும்பும்போது பாலக்கோடு, ராயக்கோட்டை வழியே ஓசூர் வந்து சேரலாம். குழந்தைகளுக்கு இரண்டு பாடங்கள் கிடைத்திருக்கும்: முன்னோர் எழுப்பிய கல்லின்மேல் பெயர் கிறுக்கக் கூடாது, ஆற்றை அறிந்தவர் சொல்லைத் தட்டக் கூடாது. அடுத்த விடுமுறைக்கு நேயர்கள் இந்தத் திசையில் வண்டியைத் திருப்பிப் பார்க்கட்டும்.